காலனுக்கு ஒரு வேளையைக் கொடுத்தவர்

மழை பொய்த்த ஆண்டுகளில் சேரன்மகாதேவியில் பிள்ளையாருக்கு மிளகு அரைப்பார்கள். அரைத்த விழுதைச் சிலை முழுக்கப் பூசி, குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றி, அந்தக் காரத் தண்ணீர் பக்கத்தில் ஓடும் கன்னடியன் கால்வாயில் போய் விழும்படி செய்வார்கள். உடம்பு எரிகிற பிள்ளையார் மழையை வரவழைத்தே தீருவார் என்பது ஊரின் நம்பிக்கை. மிளகுப் பிள்ளையார் என்றே அவருக்குப் பெயர். அவரை அங்கே வைத்ததாகவும் அந்தக் கால்வாயை வெட்டியதாகவும் சொல்லப்படும் மனிதரின் கதையைத் தேடித்தான் திருநெல்வேலியில் செங்கோட்டை ரயில் ஏறினேன்.

நான் செங்கல்பட்டுச் சீமைக்காரன். எங்கள் பக்கம் ஏரிதான் தெய்வம். ஐப்பசி, கார்த்திகையில் பெய்தால் ஏரி நிறையும். சித்திரை வந்தால் அதே ஏரிக்குள் மாடு மேயும். தண்ணீர் என்றால் வருஷத்தில் சில மாதம் வந்து தங்கிவிட்டுப் போகிற விருந்தாளி என்று பழகிய கண்ணுக்கு, ஆனி மாதத்துத் தாமிரபரணிப் பள்ளத்தாக்கு வேறு ஒரு தேசம். பேட்டை தாண்டியதும் ஜன்னலின் இரு பக்கமும் பச்சை. ஒரு வயலில் நாற்று, அடுத்ததில் உழவு, அதற்கடுத்து வாழை. மேற்கே பொதிகை மேகத்துக்குள் இருந்தது. அங்கே பெய்கிற தென்மேற்குப் பருவமழையின் சாரல்தான் இங்கே காற்றாக வருகிறது. இரண்டு பருவமழையையும் வாங்கிக்கொள்கிற மலை அது. அதனால்தான் கடல் சேரும்வரை சுமார் 130 கிலோமீட்டர் மட்டுமே ஓடும் இந்தச் சின்ன ஆறு, தமிழ்நாட்டின் பெரிய ஆறுகள் மணலாகக் கிடக்கும் மாதங்களிலும் தண்ணீராக இருக்கிறது. ரயில் ஆற்றைக் கடந்து சேரன்மகாதேவியில் நின்றது.

கால்வாய்க் கரையில் பெண்கள் துணி துவைத்துக்கொண்டிருந்தார்கள். பையன்கள் படியிலிருந்து குதித்து, நீரோட்டம் இழுத்துக்கொண்டு போகிற தூரம் போய், கரையேறி ஓடிவந்து மறுபடி குதித்தார்கள். வயல் வேலை முடித்து மம்பட்டியைக் கழுவிக்கொண்டிருந்த ஒரு பெரியவரிடம் பேச்சுக் கொடுத்தேன்.

“ஐயா, இந்தக் கால்வாய வெட்டினவரு கதை சொல்வாங்களாமே?”

“எந்தூர்லேருந்து வாரிய?”

சொன்னேன்.

“அம்புட்டுத் தூரத்துலேருந்து இந்தக் கதைக்கா வந்திய? உக்காருங்க தம்பி, சொல்லுதேன்.”

அவர் சொன்னது இது. ஊருக்கு ஊர் சில்லறை மாற்றம் உண்டு, எலும்பு ஒன்றுதான்.

மலையாளத்து ராஜா ஒருவருக்குத் தீராத நோய். ராஜாவின் உருவத்தில் எள்ளால் ஒரு பொம்மை செய்து, உள்ளே பொன்னை நிறைத்து, நோயை அதற்கு மாற்றி, ஒருவருக்குத் தானமாகக் கொடுத்துவிட்டால் பிழைப்பார் என்றார்கள். வாங்குகிறவரை அந்த நோய் கொண்டுபோய்விடும். பொன்னுக்கு ஆசைப்பட்டாலும் உயிருக்குப் பயந்து யாரும் முன்வரவில்லை. கன்னட தேசத்திலிருந்து யாத்திரையாக வந்த ஒரு பிரம்மச்சாரி, நான் வாங்கிக்கொள்கிறேன் என்றார்.

“பொம்மையக் கையில குடுக்க நேரம், அதுக்கு உசுரு வந்துட்டு. உள்ள வந்து உக்காந்தது காலன். மூணு வெரல நீட்டிச்சு. இவரு முடியாதுன்னு தலைய ஆட்டுனாரு. ரெண்டு வெரல். அதுக்கும் முடியாதுன்னுட்டாரு. கடேசில ஒத்த வெரல். சரின்னு தலையாட்டினாரு. பொம்மை மறுபடி பொம்மையாயிட்டு.”

சபையில் ஒருவருக்கும் விளங்கவில்லை. ராஜா கேட்டபோது பிரம்மச்சாரி விளக்கினார். ஒரு நாளைக்கு மூன்று வேளை அவர் சந்தியாவந்தனம் செய்கிறவர்: விடியலில், உச்சியில், அந்தியில். மூன்று வேளையின் பலனையும் கொடு, உன்னை விட்டுவிடுகிறேன் என்று கேட்டது காலன். கடைசியில் ஒரு வேளைக்குப் பேரம் படிந்தது. ராஜா பிழைத்தார். பிரம்மச்சாரியும் பிழைத்தார், பொன்னோடு. ஆனால் ஒரு நோயை விற்ற பொன் அது. வைத்துக்கொள்ள மனம் ஒப்பவில்லை. என்ன செய்வது என்று அகத்தியரைக் கேட்கப் பொதிகைக்குப் புறப்பட்டார்.

இந்த இடத்தில் நான் பெரியவரை நிறுத்தி இன்னொரு தரம் சொல்லச் சொன்னேன். காலனோடு வாதாடுகிற கதைகள் நம்மிடம் எத்தனையோ உண்டு. சாவித்திரி சொல்லால் வென்றாள். மார்க்கண்டேயன் சிவனைக் கட்டிக்கொண்டான். அவர்கள் காலனைத் திருப்பி அனுப்பினார்கள். இந்தக் கன்னடத்துப் பிரம்மச்சாரி காலத்திடம் காலத்தையே கொடுத்துக் கணக்கை முடிக்கிறார். அவரிடம் இருந்த ஒரே சொத்து அவருடைய நாள். அறுபது நாழிகை கொண்ட அந்த நாளை மூன்று இடத்தில் முடிச்சுப் போட்டு வைத்திருந்தார். அதில் ஒரு முடிச்சை அவிழ்த்துக் கொடுத்துவிட்டார். இதைவிட நுட்பமான மந்திரத்தை எந்த மாயக்கதையிலும் நான் படித்ததில்லை. அதைச் சொன்னபோது பெரியவர், “அதான அந்தக் கதையில விசேஷம்” என்றார்.

மேலே கேளுங்கள். மலையேறுமுன் பொன் மூட்டையை அம்பாசமுத்திரத்தில் ஒரு கோயில் அர்ச்சகரிடம் பத்திரமாக வைக்கச் சொல்லிக் கொடுத்தார். திரும்பி வந்து வாங்கிப் பார்த்தால் உள்ளே துவரம்பருப்பு. வழக்கு ராஜாவிடம் போனது. லிங்கத்தின் முன்னால் சத்தியம் செய் என்றார்கள். அர்ச்சகர் தந்திரக்காரர். லிங்கத்திலிருந்த சக்தியை மந்திரத்தால் வெளியே நின்ற புளியமரத்துக்கு மாற்றிவிட்டு, வெறும் கல்லைத் தொட்டுச் சத்தியம் செய்யத் தயாராக இருந்தார். அன்று இரவு பிரம்மச்சாரியின் கனவில் சாமி வந்து சொல்லிவிட்டது. மறுநாள் அவர், புளியமரத்தைத் தொட்டுச் சத்தியம் செய்யட்டும் என்றார். தொட்டதும் அர்ச்சகர் எரிந்தார். அம்பாசமுத்திரத்துக் காசிபநாதரை இன்றைக்கும் எரிச்சாவுடையார் என்றுதான் அழைக்கிறார்கள்.

பொன் கிடைத்தது. ஒரு கிழவர் வடிவத்தில் அகத்தியர் எதிரே வந்தார். ஒரு பசு வரும், அதன் வாலைப் பிடித்துக்கொண்டு போ, அது நடக்கிற வழியெல்லாம் கால்வாய் வெட்டு என்றார். பசு கோமியம் விடுகிற இடத்தில் மடை வை; சாணம் போடுகிற இடத்தில் குளம் தோண்டு; மறைகிற இடத்தில் முடி. அப்படி வெட்டியதுதான் கன்னடியன் கால்வாய். அந்த மனிதரின் சொந்தப் பெயரை யாரும் சொல்வதில்லை. கன்னடியன் என்ற ஊர்ப்பெயர் ஒன்றே நிற்கிறது.

கல்லிடைக்குறிச்சிப் பக்கம் ஆற்றின் குறுக்கே உள்ள கன்னடியன் அணைக்கட்டில் தொடங்குகிறது இந்தக் கால்வாய். வெள்ளாங்குளி, கூனியூர், காருகுறிச்சி, சேரன்மகாதேவி, பத்தமடை, மேலச்செவல் எனத் தென்கரையிலேயே 30 கிலோமீட்டருக்கு மேல் ஓடி, வழியில் குளங்களை நிறைத்து, 12,500 ஏக்கரை நனைக்கிறது. நான் அதன் கரையிலேயே பத்தமடையை நோக்கி நடந்தேன். நடக்க நடக்கத்தான் பசுவின் அருமை தெரிந்தது. வலது கையில் மேட்டு நிலம், புன்செய், கொஞ்சம் தள்ளிக் கரடு. இடது கையில் பள்ளத்தில் வயல்கள், அதற்கும் கீழே மரங்களுக்குப் பின்னால் ஆறு. கால்வாய் இந்த மேட்டுக்கும் பள்ளத்துக்கும் நடுவில், நேர்கோட்டில் போகாமல், நிலம் வளைகிற இடத்திலெல்லாம் தானும் வளைந்து, ஏறாமலும் சட்டென்று இறங்காமலும் போகிறது. மேய்ச்சலுக்குப் போகிற மாட்டைக் கவனித்தவர்களுக்குத் தெரியும். சரிவில் அது நெட்டுக்குத்தாக ஏறாது. மட்டம் பிடித்துச் சாய்வாகவே நடக்கும். பல தலைமுறை மாடுகள் நடந்து தேய்த்த தடம், நிலத்தின் சம உயரக் கோடு. மட்டப்பலகையும் அளவுச் சங்கிலியும் இல்லாத நாளில் இதைவிட நல்ல அளவைக் கருவி எது? மடையும் குளமும் எங்கெங்கே என்பதைக்கூடக் கதைக்குள் வைத்துவிட்டார்கள். கால்வாய் தூர்ந்துபோனாலும் கதை தெரிந்தவர்கள் மறுபடி வெட்டிக்கொள்ளலாம். என் அபிப்பிராயம், இந்தக் கதையைக் கட்டியவர்களுக்குக் கால்வாய் வெட்டத் தெரிந்திருந்தது.

இலங்கையில் இப்படி ஒன்று உண்டு. 5ஆம் நூற்றாண்டில் தாதுசேனன் கலாவாவியிலிருந்து அநுராதபுரத்துக்குத் தண்ணீர் கொண்டுபோன யோத எல. அதன் முதல் பகுதியில் ஒரு மைலுக்கு ஆறு அங்குலம்தான் இறக்கம் என்று சொல்லிச் சொல்லிப் பொறியாளர்கள் வியக்கிறார்கள். வியக்க வேண்டியதுதான். அங்கே ராஜாவின் பெயர் நின்றது. இங்கே ராஜா நோயாளியாக வந்துவிட்டுப் போய்விடுகிறார். வெட்டியவரும் பசுவும் நிற்கிறார்கள்.

பத்தமடை போகும் வழியில் ஓர் இடத்தில் மடையைத் திறந்துகொண்டிருந்தார்கள். பலகையை உயர்த்தியதும் கால்வாய்த் தண்ணீர் வாய்க்காலுக்குள் இறங்கி, அங்கிருந்து வாமடை வாமடையாக வயலுக்குப் போனது. யாருக்கு முதலில், எவ்வளவு நேரம் என்பதில் பேச்சுக்கே இடமில்லை. அது ஏற்கெனவே முடிவானது. மேல்மடைக்காரர் முடித்தால் கீழ்மடைக்காரர். ஓமான் நாட்டில் ஃபலஜ் என்ற பழைய நீர்ச்சால்களில் பகலில் குச்சியின் நிழலை வைத்தும் இரவில் நட்சத்திரம் எழுவதை வைத்தும் முறை பிரித்தார்கள். 2006இல் யுனெஸ்கோ அவற்றைப் பாரம்பரியச் சின்னமாக்கியது. தண்ணீர் பங்கு போடுகிற இடத்தில் எல்லாம் மனிதன் கடிகாரம் செய்ய வேண்டியதாயிற்று.

இந்தப் பள்ளத்தாக்கின் கடிகாரத்துக்கு இரண்டு முள்: கார், பிசானம். கார் சாகுபடி ஜூனில் தொடங்கிப் புரட்டாசிக்குள் முடியும். பிசானம் ஐப்பசியில் தொடங்கி மாசி, பங்குனியில் அறுவடை. முதலாவது தென்மேற்கு மழையின் பிள்ளை, இரண்டாவது வடகிழக்கின் பிள்ளை. 1940களில் பாபநாசம் மேலணை எழுந்தது. 1958இல் மணிமுத்தாறு அணை. அதன்பிறகு ஜூன் முதல் தேதி காருக்குத் தண்ணீர் திறப்பார்களா என்பதுதான் ஒவ்வொரு வைகாசியிலும் ஊர்ப்பேச்சு. தமிழ்நாட்டில் மற்ற பக்கமெல்லாம் சித்திரை பிறந்தால் ஆண்டு பிறந்தது. இங்கே மதகு திறந்தால்தான் பிறந்தது என்று நடவுக்கு வந்த ஒரு அம்மா சொன்னார். “இந்தக் காருக்கு மூத்தவன் காலேஜு சேர்ந்தான், போன பிசானத்துக்குத்தான் மக கல்யாணம்” என்று தேதி சொல்லாமல் எல்லாவற்றையும் பயிரில் கணக்கு வைத்திருந்தார்.

ஆற்றில் அணைக்கட்டுகள் எட்டு. கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர், திருவைகுண்டம். கடைசியொன்றுதான் பிரிட்டிஷார் கட்டியது. மற்ற ஏழும் அவர்களுக்கு முந்தியவை. ஓர் அணைக்கட்டின் வயல்களில் பாய்ந்து வடிந்த தண்ணீர் மறுபடி ஆற்றில் சேர்ந்து அடுத்த அணைக்கட்டுக்குப் போகும். கடலுக்குள் இறங்குமுன் ஒரே தண்ணீர் பல ஊர்ச் சோறாகிவிடுகிறது.

காலத்தைப் பற்றிய இன்னொரு கதையும் இதே ஊரில் இருப்பது எனக்கு ஆச்சரியத்தின் மேல் ஆச்சரியம். ஆற்றங்கரையில் உள்ள கைலாசநாதர் கோயிலில் சாமி அம்மைநாதர், அம்பாள் ஆவுடைநாயகி. நவ கைலாயங்களில் இரண்டாவது. அகத்தியரின் சீடர் உரோமச முனிவர், முக்தி வேண்டி நின்றபோது, குரு ஒன்பது தாமரைப் பூக்களை ஆற்றில் விட்டு, ஒவ்வொரு பூவும் ஒதுங்குகிற இடத்தில் சிவனை வழிபடச் சொன்னார். பாபநாசத்தில் முதல் பூ, சேரன்மகாதேவியில் இரண்டாவது, கடலோரச் சேர்ந்தபூமங்கலத்தில் ஒன்பதாவது.

யார் இந்த உரோமசர்? உடம்பெல்லாம் ரோமம் கொண்டவர். ஒரு பிரம்மாவின் ஆயுள் முடிந்தால் அவர் உடம்பிலிருந்து ஒரு ரோமம் உதிரும். பிரம்மாவின் ஒரு பகல் மட்டும் 432 கோடி ஆண்டுகள்; அப்படிப்பட்ட பகலும் இரவும் சேர்ந்த நாட்களால் நூறு வருஷம் அவர் ஆயுள். அத்தனை காலத்துக்கு ஒரு ரோமம். அவ்வளவு காலம் கையில் இருந்தவர், போதும், விடுதலை கொடுங்கள் என்று கேட்டு ஆற்றோடு நடந்துவந்திருக்கிறார். ஒரு நாளில் மூன்றிலொரு பங்கைக் கொடுத்துப் பிழைத்த பிரம்மச்சாரியும் கல்பங்களைச் சுமந்து களைத்த முனிவரும் அகத்தியரைக் கேட்டார்கள். இருவருக்கும் அகத்தியர் காட்டியது இந்த ஆற்றைத்தான். ஒருவரை ஆற்றோடு போகச் சொன்னார். இன்னொருவரை ஆற்றைப் பிரித்துக்கொண்டு போகச் சொன்னார்.

நவ கைலாயத்தில் இது சந்திரனுக்குரிய தலம். சந்திரனுக்குரிய தானியம் நெல். கோயிலின் தலக்கதையிலும் நெல்தான் வருகிறது. நெல் குத்திப் பிழைத்த இரண்டு சகோதரிகள், கூலியில் மிச்சம் பிடித்துச் சிவனுக்குக் கோயில் எழுப்ப ஆசைப்பட்டார்களாம். திதியை அளக்கிற சந்திரனையும் வயிற்றை அளக்கிற நெல்லையும் ஒரே சன்னதியில் வைத்த ஊர். போதாததற்கு மார்கழியில் வியதீபாத நாளில் இங்கே ஆற்றில் நீராடுவது விசேஷம். பஞ்சாங்கத்து 27 யோகங்களில் நல்ல காரியத்துக்கு ஆகாது என்று எல்லோரும் ஒதுக்குகிற யோகம் வியதீபாதம். அந்த ஒதுக்கப்பட்ட பொழுதைக்கூட இந்த ஊர் எடுத்து ஆற்றில் முக்கி நல்லதாக்கிக்கொண்டது.

ஊரின் பழைய வயதுக்கு அத்தாட்சி கல்லிலேயே இருக்கிறது. 11ஆம் நூற்றாண்டில் முதலாம் ராஜேந்திரன் தன் மகனைச் சோழ பாண்டியன் என்று பட்டம் கட்டித் தெற்கே ஆள வைத்தான். அந்தக் காலத்துக் கல்வெட்டுகளில் இந்த ஊர் முள்ளிநாட்டு நிகரிலிச் சோழச் சதுர்வேதிமங்கலம். பக்தவத்சலப் பெருமாள் கோயில் போன்றவற்றில் அந்த எழுத்துகளைப் பார்க்கலாம். கோயிலின் அமைதிக்காகவே போகலாம். இருபதாம் நூற்றாண்டில் தமிழ்நாடு முழுக்க இந்த ஊர்ப் பெயரைப் பேசவைத்தது வேறு ஒன்று. வ.வே.சு. ஐயர் இங்கே நடத்திய குருகுலத்தில் பிராமணப் பிள்ளைகளுக்குத் தனிப் பந்தி வைத்தது வெளியே தெரிந்து, பெரியாரும் வரதராஜுலு நாயுடுவும் எதிர்த்து நின்றார்கள். 1925இல் ஐயர் பாபநாசம் அருவியில் விழுந்த மகளைக் காப்பாற்றப் போய்த் தானும் இறந்தார். நாட்டுக்காக உழைத்த மனிதரின் முடிவை நினைத்தால் மனம் கனக்கிறது. ஆனாலும் ஒரே கால்வாய்த் தண்ணீரில் விளைந்த சோற்றை இரண்டு பந்தியில் போட்டது அநியாயம்தான். அந்தப் போராட்டம் நடந்திருக்கத்தான் வேண்டும்.

கன்னடியனின் வாரிசுகள் என்று நான் சொல்வது, இப்போது கால்வாயைப் பார்த்துக்கொள்ளும் விவசாயிகளை. 2000ஆம் ஆண்டுச் சட்டப்படி நீரினைப் பயன்படுத்துவோர் சங்கங்கள் வைத்து, வாக்களித்துத் தலைவரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். தலைவர் என்றால் பெரிய அதிகாரமில்லை. அமலைச் செடி அடைத்தால் ஆள் திரட்டவேண்டும், கடைமடைக்குத் தண்ணீர் சேரவில்லை என்றால் நீர்வளத் துறைக்கு அலையவேண்டும், மதகு திறக்கிற தேதிக்காகக் கலெக்டர் அலுவலகத்துக் குறைதீர் கூட்டத்தில் எழுந்து நின்று பேசவேண்டும். காலத்தோடு பேரம் பேசுகிற வேலை இப்போது இவர்கள் தலையில்.

அந்த வேலை முன்னைவிடக் கடினமாகிவிட்டது. 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த மழையை இங்கே யாரும் மறக்கவில்லை. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் பதிவானது. பிசான நாற்றும் நடவும் ஆற்றோடு போயின. கரைகள் உடைந்தன, குளங்கள் உடைந்தன. தண்ணீர் இல்லாத காலத்துக்குத்தான் மிளகுப் பிள்ளையார் இருக்கிறார். தண்ணீர் மிஞ்சினால் யாரிடம் போவது?

அதற்கும் ஒரு வழி கன்னடியன் அணைக்கட்டிலிருந்தே வெட்டப்பட்டிருக்கிறது. தாமிரபரணி, கருமேனியாறு, நம்பியாறு மூன்றையும் இணைக்கும் வெள்ளநீர்க் கால்வாய். 2009இல் தொடங்கிய திட்டம். வெள்ளாங்குளியில் புறப்பட்டு, சுமார் 75 கிலோமீட்டர் தென்கிழக்கே போய், சாத்தான்குளம், திசையன்விளைப் பக்கத்துத் தேரிக்காட்டில் முடிகிறது. வெள்ளக் காலத்தில் கடலுக்குப் போகும் உபரியை அந்தச் செம்மண் சீமைக்குத் திருப்பும் நோக்கம். தேரி மண் எவ்வளவு ஊற்றினாலும் குடிக்கும். அந்தப் பக்கத்துக் கிணறுகள் உப்பேறிக் கிடக்கின்றன. அவர்களுக்கும் தாகம் உண்டு.

திரும்பி வரும்போது பெரியவரை மறுபடி கரையில் பார்த்தேன். புதுக் கால்வாயைப் பற்றிக் கேட்டேன்.

“வெள்ளத் தண்ணி போனா சந்தோசம் தம்பி. அவியளும் நம்ம சனந்தானே. கார்த் தண்ணியில மட்டும் கை வச்சிரக் கூடாது. இன்னைக்கி நல்ல ஆளு மதகுல இருக்காரு. நாளைக்கி யாரு இருப்பாவளோ?”

அவர் பயம் நியாயமானது. உபரி வெள்ளம் மட்டும் அந்த வழியில் போகவேண்டும் என்பதுதான் திட்டம். எவ்வளவு தண்ணீர் ஆற்றில் வந்தால் அது உபரி, பழைய எட்டு அணைக்கட்டுகளின் பாசனம் முடிந்தபின் எந்த அளவில் புதுக் கால்வாயின் மதகைத் தூக்கலாம் என்பதைத் தலைமதகின் சுவரிலேயே பெரிய எழுத்தில், அளவுகோலோடு எழுதிவைக்க வேண்டும். சேரன்மகாதேவிக்காரரும் சாத்தான்குளத்துக்காரரும் அதைப் படித்துவிட்டு, அன்றைக்கு ஆற்றில் தண்ணீர் எந்தக் கோட்டில் நிற்கிறது என்று தாங்களே பார்த்துக்கொள்ளலாம்.